நார்மல் காட்டிய தெர்மாமீட்டர்

என் நோயை எனக்கே காட்டிக்கொடுத்தது, தோழியின் காய்ச்சலைப் பார்த்து எனக்கு வந்த பொறாமை. சிரிக்காதீர்கள். என் நிலையில் இருப்பவர்களுக்கு இது புரியும்.

தாம்பரத்தில் திவ்யாவும் நானும் ஒரே அறையில் தங்கி வேலைக்குப் போகிறோம். அவளுக்கு டெங்கு வந்தது. தட்டணுக்கள் (ரத்தம் உறைய உதவுபவை) குறைந்ததால் ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். அவள் அம்மா ஊரிலிருந்து வரும்வரை துணைக்கு நான் இருந்தேன்.

பார்க்க வந்தவர்களுக்குக் கணக்கே இல்லை. ஆபீஸ்காரர்கள் ஆப்பிளும் பிரெட்டுமாக வந்தார்கள். ரயிலில் லேடீஸ் பெட்டியில் கூட வரும் அக்கா, சிங்கப்பெருமாள் கோவில் குங்குமத்தை அவள் நெற்றியில் இட்டார். அதே பெட்டியில்தான் நானும் போகிறேன். மாதக்கணக்கில் தூக்கமில்லை, கிழமை தெரிவதில்லை. பாத்ரூம் குழாயைத் திறந்துவிட்டு அழுவேன். பிறகு பவுடர் பூசிக்கொண்டு கிளம்புவேன். யாராவது கேட்டால் 'சூப்பரா இருக்கேன்' என்பேன். அவள் கையில் ஏறிய டிரிப்ஸைப் பார்த்து எனக்கு வயிறு எரிந்தது.

அவள் தூங்கியபோது தெர்மாமீட்டரை எடுத்து என் அக்குளில் வைத்துப் பார்த்தேன். நார்மல். ரவுண்ட்ஸ் வந்த டாக்டரம்மா வாசலில் நின்று கவனித்துக்கொண்டிருந்தார்.

"காய்ச்சல் இல்லன்னா சந்தோஷம்தானே படணும்? உங்க முகம் ஏன்மா வாடிப்போச்சு?"

அழுதுகொண்டே தூக்கமில்லாததைச் சொன்னேன். மனநல மருத்துவரிடம் அனுப்பினார். மனச்சோர்வு (தூக்கம், பசி, ஆசை எல்லாவற்றையும் கெடுக்கும் விலகாத துயரம்) என்றார் அவர். மாத்திரையும், மனம்விட்டுப் பேசவைக்கும் சிகிச்சையும் தொடங்கின. பலன் தெரியச் சில வாரங்கள் ஆகும் என்றார்.

திவ்யா குணமாகி அறைக்குத் திரும்பிய பிறகு அவளிடம் எல்லாவற்றையும் சொன்னேன், பொறாமையையும் சேர்த்து. செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டாள். எனக்கென்று இருந்த ஒருத்தியையும் இழந்துவிட்டேன் என்று நினைத்தேன்.

கொஞ்ச நேரத்தில் கதவு தட்டும் சத்தம். திறந்தால் திவ்யா, கையில் ஆப்பிளும் பிரெட் பாக்கெட்டும். தன் அறைக்கே விருந்தாளி மாதிரி வந்து, நாற்காலியை என் கட்டிலருகே இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"உடம்பு எப்படிடி இருக்கு?"

'சூப்பர்' நாக்கு நுனிவரை வந்துவிட்டது.

"நல்லா இல்லடி," என்றேன்.

அவளுக்குக் கூடை நிறைய வந்தது, எனக்கு நாலு ஆப்பிள்தான். எண்ணிப் பார்த்துவிட்டுத்தான் கடித்தேன். பல மாதங்களுக்குப் பிறகு நாக்கில் இனிப்பு தெரிந்தது. அன்று வியாழக்கிழமை என்பதும் தெரிந்தது.