மூன்றாம் தடவை தப்பினால் பதினைந்து நாள்

எண்களை நினைவில் வைத்துக்கொள்வதில் நம்பர் அக்காவுக்கு ஈடாக இந்தப் பூமியில் இன்னொருத்தி பிறக்கவில்லை. சரி, பூமி என்றது கொஞ்சம் கூடிப்போயிற்று. ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தின் பிரிப்பு மேசையில் நிற்கும் ஏழு பேரில் அவளுக்கு ஈடில்லை. அந்த ஏழில் இருவர் நின்றுகொண்டே தூங்கக்கூடியவர்கள். மிச்சத்தில் பொய் இல்லை. ஒரு நாளைக்கு மூவாயிரம் போர்வையும் தலையணை உறையும் அங்கியும் அவள் கை வழியே போகும். ஒவ்வொன்றிலும் பத்து இலக்க எண்ணோடு ஒரு துணி வில்லை தைத்திருக்கும். காலையில் போன வில்லை சாயங்காலமே திரும்பி வந்தால், "இப்பத்தானே போனே, அதுக்குள்ள என்ன அவசரம்?" என்று துணியையே கேட்பாள். அதனால்தான் அந்தப் பெயர்.

அப்படிப்பட்டவள் ஒரு வியாழக்கிழமை மதியம் பதிவு அலுவலகத்தின் பிளாஸ்டிக் நாற்காலியில், கையில் நூற்றுப் பதினேழாம் டோக்கனை வைத்துக்கொண்டு, தான் தான்தான் என்பதை நிரூபிக்க வழியில்லாமல் உட்கார்ந்திருந்தாள். சுவரில் சிவப்பு விளக்கு நூற்றுப் பதினான்கு என்றது. கடிகாரம் மூன்று பத்து என்றது. நான்கு மணிக்குள் அவளுடைய பெயரும் அடையாள எண்ணும் ஒரே தாளில் முத்திரையோடு ஆஸ்பத்திரிப் பணியாளர் பிரிவுக்குப் போய்ச் சேர வேண்டும்.

போகாவிட்டால் என்ன? பதினோரு வருஷமாக அவள் ஒப்பந்தக் கூலி. ஒப்பந்தக்காரர்கள் மூன்று பேர் மாறிவிட்டார்கள். அடுத்த மாதம் வரப்போகிறவன், வில்லையைத் தானே படிக்கும் இயந்திரத்தோடு வருகிறான். அதற்குப் பிறகு பிரிப்பு மேசைக்கு ஆஸ்பத்திரி நேரடியாக வைத்துக்கொள்ளும் ஒரே ஒரு நிரந்தர ஆள் போதும். அந்த இடத்துக்கு ஆஸ்பத்திரி போட்ட பட்டியலில் முதல் பெயர் அவளுடையது. இன்று நான்கு மணிக்குச் சான்று இல்லையென்றால் இரண்டாவது பெயர். இதைச் சொல்லும் கடிதம் நேற்றுச் சாயங்காலம்தான் கைக்கு வந்திருந்தது.

அட்டை எங்கே என்று கேட்பீர்கள். அட்டை குளித்துவிட்டது. துணி இயந்திரத்துக்குப் போகும் முன் எல்லாப் பைகளையும் துழாவிப் பார்ப்பது நம்பர் அக்காவின் வேலை. டாக்டர்களின் அங்கியிலிருந்து பேனா, சாவி, மருந்துச் சீட்டு, ஒருமுறை ஒரு பல்செட் வரை எடுத்திருக்கிறாள். (அந்தப் பல்செட் அவளைப் பார்த்துச் சிரித்தது என்று நான் வேறிடத்தில் சொல்லியிருப்பேன், அதை நம்ப வேண்டாம்.) ஊருக்கெல்லாம் சகுனம் சொல்லுமாம் பல்லி, கழுநீர்ப் பானையில் விழுமாம் துள்ளி. மூன்று வாரத்துக்கு முன் தன் மேலங்கியைக் கழற்றிப் போட்டவள், தன் பையை மட்டும் பார்க்கவில்லை. கொதிநீரும் வெளுப்பு மருந்துமாக நாற்பது நிமிஷம். யானையைப் போட்டாலும் வெள்ளையானையாக வெளியே அனுப்பும் இயந்திரம் அது. அட்டை வெறும் வெள்ளைத் துண்டாக வந்தது. மூலையில் சில கருங்கோடுகள் மட்டும் மிச்சம். மாற்று அட்டைக்கு மனுக் கொடுத்தபோது அந்தக் கோடுகளை இயந்திரம் படித்துக்கொண்டது. அட்டையை வாங்கி வைத்துக்கொண்டு ஒரு ரசீது கொடுத்தார்கள். ஆறு வாரம் ஆகும் என்றார்கள்.

"ஒரு ஜெராக்ஸ் எடுத்து வச்சா குறைஞ்சா போயிடுவீங்க?" என்றாள் பக்கத்து நாற்காலியில் இருந்த நாத்தனார். கணவரின் தங்கை. கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பள்ளியில் ஆசிரியை. யார் எதைச் செய்தாலும் அவளுடைய வலது கால் இல்லாத பிரேக்கை மிதிக்கும். ஸ்கூட்டரில் அண்ணியைக் கூட்டி வந்தவள் அவள்தான்.

"உங்கண்ணன் போன்ல போட்டோ எடுத்து வச்சிருந்தாரு."

"பாத்தேனே. எண் இருக்கற இடத்துல அவரோட கட்டைவிரல் இருக்கு. அந்த விரலுக்கு ஒரு கார்டு வாங்கிடலாம், அவ்வளவு தெளிவா விழுந்திருக்கு."

"இப்ப எதுக்கு அதெல்லாம்? எனக்குத்தான் எண் மனப்பாடமாத் தெரியுமே."

"அந்த ஒரு தைரியத்துலதான் அண்ணி நானும் லீவு போட்டுட்டு வந்திருக்கேன்."

நூற்றுப் பதினேழு எரிந்தபோது மணி மூன்று இருபது. மூன்றாம் ஜன்னல். கண்ணாடிக்கு அப்பால் இருந்தவர் ஜலதோஷக்காரர். கைக்குட்டையும் முத்திரையும் பக்கத்துப் பக்கத்தில் கிடந்தன. நம்பர் அக்கா ரசீதை நீட்டினாள்.

"இது அட்டை அடிக்கிற பிரிவோட ரசீதும்மா. இதை வச்சு என் ஸ்க்ரீன்ல ஒண்ணும் திறக்காது. உங்க எண்ணைச் சொல்லுங்க. பேரும் பிறந்த தேதியும் ஒத்துப்போனா, விரல் வச்சதும் எண் சான்று அடிச்சுத் தரேன். அஞ்சு நிமிஷ வேலை."

நிம்மதியாக மூச்சு விட்டாள். பிரிப்பு மேசையில் நிற்பதுபோல நேராக நின்று, ஒரே மூச்சில் சொன்னாள்: "முப்பத்தஞ்சு, எண்பத்தி நாலு, ஏழு, பத்தொம்பது, அறுபத்திரெண்டு."

தட்டினார். பார்த்தார். தும்மினார். "இப்படி ஒரு எண்ணே இல்லியேம்மா."

"இல்லாம எப்படி சார்? நான் இருக்கேனே."

"இருங்க. ஒம்பது இலக்கம்தான் விழுந்திருக்கு."

"ஏழுன்னா முன்னாடி பூஜ்யம் இருக்கும் சார்."

"அதைச் சொல்ல வேண்டாமா? ஒரு தப்பு ஏறிடுச்சு பாருங்க." மறுபடி தட்டினார். இம்முறை திரையில் ஏதோ திறந்தது. அவர் திரையைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், மறுபடி திரையைப் பார்த்தார். "உங்களுக்கு என்ன வயசு?"

"நாப்பத்தி நாலு."

"இதுல எண்பத்தொண்ணு. அதுவும் ஆம்பளை."

"எங்க அண்ணி அவ்வளவு வயசா தெரியல, சார்," என்றாள் நாத்தனார்.

அவர் சிரிக்கவில்லை. ஓர் எச்சரிக்கைப் பெட்டி திரையில் வந்திருந்தது. கண்ணாடி வழியே அதன் மஞ்சள் நிறம் மட்டும் தெரிந்தது. "ரெண்டு தடவை தப்பாயிடுச்சு. மூணாவது தடவையும் தப்பினா உங்க பேர்ல எந்த ஜன்னல்லயும் பதினஞ்சு நாளைக்குத் திறக்காது. பூட்டிடும். நான் நினைச்சாலும் திறக்க முடியாது. வீட்டுக்குப் போய் நல்லா யோசிச்சுட்டு வாங்கம்மா. அடுத்த டோக்கன்..."

"சார், சார், அடுத்த நம்பரை அடிச்சுடாதீங்க!" நம்பர் அக்காவின் கை ஜன்னல் ஓட்டைக்குள் பாதி போயிருந்தது. "நாலு மணிக்குக் குடுக்கணும் சார். இன்னிக்கு விட்டா வேலை போயிடும்."

மூன்று இருபத்தெட்டு. பின்னால் நூற்றுப் பதினெட்டாம் டோக்கன்காரர் செருமினார். பணியாளர் பிரிவு பன்னிரண்டு நிமிஷத் தூரம், போக்குவரத்து விளக்குகள் நாத்தனாருக்குப் பயந்தால்.

நம்பர் அக்கா தனக்குள் இன்னொரு தடவை சொல்லிப் பார்த்தாள். எண் தப்பாக இருக்க முடியாது. கண்ணை மூடினாலும் அதுதான் வருகிறது: முப்பத்தஞ்சு, எண்பத்தி நாலு. ஒருவேளை நாற்பத்தெட்டோ? இருபத்தாறோ? சந்தேகம் என்ற கரையான் ஒரு இலக்கத்தைத் தொட்டதும் பத்தும் உதிர ஆரம்பித்தன. இருபது வருஷமாக அட்டையைத்தான் நீட்டியிருக்கிறாளே தவிர, ஒருத்தரும் அவளை வாயால் சொல்லச் சொன்னதில்லை. பதினோரு வருஷத்தில் எத்தனை லட்சம் எண்கள் தலைக்குள் போயிருக்கும்! அந்தக் குவியலில் தன்னுடையதையும் ஏதோ ஒரு தலையணை உறையையும் மாற்றி எடுத்துவிட்டாளா?

ஜன்னல்காரருக்கு மனசு கேட்கவில்லை. ஒரு துண்டுக் காகிதத்தையும் பேனாவையும் தள்ளினார். "ஓரமா நின்னு எழுதிப் பாருங்க. சில பேருக்கு வாய்க்கு வராதது கைக்கு வரும். அஞ்சு நிமிஷம் தரேன். அதுக்கு மேல வரிசை என்னைத் தின்னுடும்."

காகிதத்தைச் சுவரில் வைத்து எழுதினாள். முப்பத்தைந்து. அதற்குப் பக்கத்தில் எண்பத்து நான்கு.

"அண்ணி, என்ன பண்றீங்க?"

"எழுதறேன், பேச்சுக் குடுக்காத."

"அது தெரியுது. ஏன் பேப்பரோட வலது கோடியில ஆரம்பிச்சீங்க? முப்பத்தஞ்சு அந்த ஓரத்துல ஒட்டிக்கிட்டு நிக்குது, எண்பத்தி நாலு அதுக்கு இந்தப் பக்கம் வருது. ரிவர்ஸ் கியர்ல எழுதறீங்க."

"எங்க மேசையில இப்படித்தான் எழுதுவோம்," என்று சொன்ன நம்பர் அக்கா சட்டென்று பேனாவை நிறுத்தினாள்.

பிரிப்பு மேசையில் எண்ணை யாரும் தலையிலிருந்து படிப்பதில்லை. வில்லையின் கடைசி இரண்டு இலக்கம்தான் வார்டு. அது தெரிந்தால் துணி கையை விட்டுப் பறந்துவிடலாம். அதற்கு முந்தைய இரண்டு இலக்கம் மாடி, அதற்கும் முந்தையது துணியின் வகை, வாங்கிய வருஷமெல்லாம் யாருக்கு வேண்டும்? ஆகவே வாலிலிருந்து, இரண்டிரண்டாக, தலை நோக்கிப் படிப்பார்கள். பதிவேட்டிலும் வலக்கட்டத்தில் தொடங்கி இடப்பக்கமாக நிரப்புவார்கள். புதிதாக வருகிறவர்கள் ஒரு வாரம் தடுமாறுவார்கள். பிறகு வீட்டுக்குப் போய் போன் எண்ணைக்கூட அப்படியே சொல்லி உதை வாங்குவார்கள்.

"அப்ப நீங்க சார்கிட்ட சொன்னது பூரா..."

"வாலைப் பிடிச்சுச் சொல்லியிருக்கேன்."

"எண்பத்தொரு வயசுக் கிழவரைத் தட்டி எழுப்பிட்டீங்க போங்க." நாத்தனார் பாதி சிரித்தாள். பிறகு அவளுடைய வலது கால் தரையை மிதித்தது. "இருங்க. இது யூகம்தானே? மனப்பாடம் பண்றப்ப தலையிலேர்ந்து பண்ணீங்களா, வாலிலேர்ந்தா? ஒரு தடவைதான் இருக்கு அண்ணி."

அதுதான் கேள்வி. மூன்று முப்பத்து மூன்று. ஜன்னல்காரர் கடிகாரத்தைக் காட்டினார்.

நம்பர் அக்கா கண்ணை மூடினாள். எண்ணைத் தேடவில்லை, எண்ணை மனப்பாடம் செய்த நாளைத் தேடினாள். பழைய அட்டையைப் புதுப்பித்து வாங்கி வேலைக்கு எடுத்துப் போன நாள். மேசையில் போர்வைக் குவியல். எதிரே இஸ்திரி அக்கா, நாக்கில் நரம்பில்லாதவள், அட்டையைப் பிடுங்கிப் பார்த்தாள். பார்த்ததும் என்ன சொன்னாள்? ஏதோ சொல்லி எல்லோரும் சிரித்தார்கள். நின்றுகொண்டே தூங்குகிற இருவர்கூட விழித்துச் சிரித்தார்கள். என்ன அது? ஆவி, வெளுப்பு மருந்து வாசனை, இஸ்திரி அக்காவின் குரல்: "அடியே, உன் வால் முப்பத்தஞ்சுடி! உன்னை மடிச்சுக் குழந்தைங்க வார்டுக்குத்தான் அனுப்பணும்!"

முப்பத்தைந்து என்றால் குழந்தைகள் வார்டு. வார்டு எப்போதும் வாலில்தான் இருக்கும்.

காகிதத்தை மளமளவென்று எழுதி முடித்து ஜன்னலில் வைத்தாள். "சார், இதை இந்தப் பக்கத்துலேர்ந்து படிங்க. அறுபத்திரெண்டு, பத்தொம்பது, பூஜ்யம் ஏழு, எண்பத்தி நாலு, முப்பத்தஞ்சு."

"இப்ப தலைகீழா சொல்றீங்களேம்மா."

"இதுவரைக்கும்தான் சார் தலைகீழ்."

"நிச்சயமா? எண்டர் தட்டினா தட்டினதுதான்."

நாத்தனாரின் கையை அவள் பிடித்துக்கொண்டாள். "தட்டுங்க சார்."

தட்டினார். திரை யோசித்தது. அது யோசித்த நேரத்தில் ஒரு கருங்கல் முட்டையிட்டுக் குஞ்சு பொரித்திருக்கும். ஜன்னல்காரர் கைக்குட்டையை மூக்கருகே கொண்டுபோய்த் தும்மாமல் நிறுத்திவைத்திருந்தார். பிறகு தும்மினார். தும்மிவிட்டுத் திரையைத் திருப்பிக் காட்டினார். இருபது வருஷத்துக்கு முந்தைய நம்பர் அக்கா, கடன்காரனைப் பார்ப்பதுபோல முறைத்துக்கொண்டு, அதில் இருந்தாள்.

"விரலை வைங்க. சீக்கிரம்."

சான்றுத் தாளை அச்சு இயந்திரம் பாதி துப்பிவிட்டு நின்றது. அவர் அதன் தலையில் ஓர் அடி வைத்தார். மீதியும் வந்தது. முத்திரை விழுந்தபோது மூன்று நாற்பத்து நான்கு.

அதற்குப் பிறகு நடந்ததை ஓட்டுநர் பள்ளிக்காரர்கள் படிக்காமலிருப்பது நல்லது. நாத்தனாரின் ஸ்கூட்டர் இரண்டு சந்துகளையும் ஒரு மருந்துக்கடையின் முன்வாசலையும் சாலையாகப் பாவித்தது. நம்பர் அக்கா தாளை மேலங்கிப் பைக்குள் வைக்க மறுத்து, பல்லால் கடித்துக்கொண்டு வந்தாள். ஆஸ்பத்திரியின் பின்வாசல், மூன்று மாடி, லிப்ட் பழுது. பணியாளர் பிரிவில் அதிகாரி மேசையை ஒதுக்கிக்கொண்டிருந்தார். பட்டியலின் இரண்டாவது பெயர்க்காரி சுவரோரம் கோப்போடு உட்கார்ந்திருந்தாள். நம்பர் அக்கா தாளை மேசையில் வைத்தாள். மேலே இருந்த கடிகாரத்தில் மணி மூன்று ஐம்பத்தெட்டு. அதிகாரி வாங்கி, நேரம் குறித்து, கையெழுத்துப் போட்டார்.

இதுவரை எழுதியதை நான் வாசித்துக் காட்டியதும் நாத்தனார் கையிலிருந்த டம்ளரைக் கீழே வைத்தாள்.

"மூணு அம்பத்தெட்டா? நாங்க ரெண்டாவது மாடி ஏறும்போதே நாலாயிடுச்சு. உள்ள போறப்ப நாலு ஆறு. அந்த மனுஷன் கடிகாரத்தைப் பாத்தாரு, மூச்சு வாங்கிக்கிட்டு நிக்கற அண்ணியைப் பாத்தாரு. அப்புறம் மூக்குக்கண்ணாடியைக் கழட்டி ரொம்ப நேரம் துடைச்சாரு. துடைச்சுக்கிட்டே, 'கண்ணு சரியாத் தெரியலம்மா, மணி என்ன?'ன்னு கேட்டாரு. அண்ணி உண்மையைச் சொல்ல வாயைத் திறந்துட்டாங்க. எண்ணுன்னா அவங்களுக்குப் பொய் வராது. நான்தான் காலை மிதிச்சு, 'மூணு அம்பத்தெட்டு சார்'னேன். சுவரோரம் உக்காந்திருந்தாளே ரெண்டாவது பேர்க்காரி, அவ கடிகாரத்தையும் பாத்தா, என்னையும் பாத்தா. பாத்துட்டு, 'ஆமா சார், அவ்வளவுதான் இருக்கும்'னுட்டு, ஃபைலை எடுத்துக்கிட்டு எந்திரிச்சுப் போயிட்டா. அதை எழுதுங்க."