செங்கடலில் விழுந்த என் பாய்லர் சூட்

“யாருண்ணா விழுந்தது?” என்று கேட்டுக்கொண்டே டெக்குக்கு ஓடினேன். மீட்புப் படகை இறக்கிக்கொண்டிருந்த போசன் திரும்பிப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார்.

“நீதாம்ல!”

போசன் எங்கள் டெக் ஆட்களுக்குத் தலைவர், தூத்துக்குடிக்காரர். நான் திருப்பதிப் பக்கம் பாலசமுத்திரம். திருப்பதியில் ஐடிஐ முடித்துக் கப்பலுக்கு வந்தவன். செங்கடலில் ட்ரோனும் ஏவுகணையும் பறந்துகொண்டிருந்த நேரம். என்ன ஆனாலும் கப்பலை நிறுத்தக் கூடாது என்று கம்பெனி உத்தரவு. இந்தக் கூத்துக்கு முன்தினம்தான் நைனா போனில் பிடித்துக்கொண்டார்.

“டிவில பாத்துக்கினே கீறோம்டா. உனுக்கு ஏதானா ஆனா கப்பலு நிக்குமா?”

“நிக்காது நைனா. போன வை.” எரிச்சலில் சொன்னேன். அதுதான் உண்மை என்றும் நினைத்தேன்.

படகில் ஆயுதத்தோடு வருகிறவர்களை ஏமாற்ற, ஆள் காவல் நிற்பது போல டெக்கில் பொம்மைகள் கட்டச் சொன்னார்கள். வேலைக்குப் போடும் என் பழைய பாய்லர் சூட்டில் கந்தைத் துணி அடைத்தேன். கட்டுவதற்கு நல்ல கயிறு கேட்டேன்.

“பொம்மைக்கு எதுக்குல புதுக் கயிறு? ஊருக்கா ஓடப் போவுது?” போசன் இற்றுப்போன கயிற்றை எறிந்தார். இவரிடம் யார் பேசுவது?

சலவையில் மாறிவிடக் கூடாதென்று சூட்டின் முதுகில் கொட்டை எழுத்தில் என் பெயர் எழுதியிருந்தது. காற்றில் கயிறு அறுந்து பொம்மை கடலில் விழுந்தது. பைனாகுலரில் பெயரைப் படித்த செகண்ட் ஆபீசர் அலாரம் அடித்தார். வாட்ச் டூட்டி முடித்துத் தூங்கிக்கொண்டிருந்த நான், என்னைக் காப்பாற்ற எழுந்து ஓடினேன்.

“இங்கதான் நிக்கான் சார்!” என்று போசன் வாக்கிடாக்கியில் கத்தினார். கேப்டன் நம்பவில்லை. கப்பலை ஓட்டும் பிரிட்ஜ் அறைக்கு வந்து முகத்தைக் காட்டச் சொன்னார். காட்டினேன். பெயர் எழுதத் தெரிந்தவனுக்கு அழிக்கத் தெரியாதா என்று இந்தியில் கிழித்தார். எங்கள் வீட்டில் முதலில் பெயர் எழுதப் படித்தவனுக்கு இந்த மரியாதை.

பதில் சொல்ல வாயெடுத்தபோதுதான் கண்ணாடி வழியே பார்த்தேன். வெயில் எதிர்ப்பக்கம் மாறியிருந்தது. உத்தரவை மீறி, அவ்வளவு பெரிய கப்பலை வந்த வழியே திருப்பியிருந்தார் அந்த மனுஷன்.

துறைமுகம் சேர்ந்ததும் போன் செய்தேன்.

“கப்பல் நிக்குமான்னு கேட்டியே நைனா, திரும்பியே வந்துச்சு.”

“ஐயோ, இன்னாடா ஆச்சு உனுக்கு?”

“எனக்கு ஒண்ணும் ஆவல. பொம்மை விழுந்துச்சு.”

“பொம்மைக்காடா திருப்புனானுங்க? பைத்தியக்காரப் பசங்க!”

அவருக்கு விளக்குவதற்குள் ரீசார்ஜ் தீர்ந்தது.

கப்பலுக்கு வரப்போகும் தம்பிகளே, பொம்மைக்குக் கொடுக்கும் சூட்டில் பெயரை அழித்துவிடுங்கள். நீங்கள் போடும் சூட்டில் பெரிதாகவே எழுதுங்கள்.