இப்ப கேட்டது என்ன வெடி?

'உங்களுக்குக் காது கேட்காது' என்று டொக்டர் சொல்ல, அவரைக் கையெடுத்துக் கும்பிட்ட ஒருவரை நீங்கள் பார்த்திருக்கிறீர்களா?

நான் பார்த்தேன். போன கிழமை, வவுனியாவில், ஆஸ்பத்திரியின் காது கிளினிக்கில். கும்பிட்டவள் புஷ்பராணி. ஒட்டுசுட்டானில் என் வீட்டில் இருந்து நாலு வேலி தள்ளி இருப்பவள். கும்பிட்டதோடு விடவில்லை... சிரித்தாள். கணவன் செத்த பிறகு அவள் சிரித்து நான் கண்டது அன்றைக்குத்தான்.

ஏன் சிரித்தாள் என்று சொல்ல வேண்டுமென்றால் கணேசனில் இருந்து தொடங்க வேண்டும்.

கணேசன் அவளுடைய கணவன். இரண்டு பேரின் குடும்பங்களும் மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்தில் இருந்து கலவரத்தில் அடிபட்டு வந்து, வன்னியில் காடு வெட்டிக் குடியேறியவை. கொஞ்ச வயல், சில மாடுகள், தயா என்று ஒரு மகள். வளர்ந்த பிள்ளை. அதிகம் கதைக்காத மனிதர் கணேசன். கதைத்தால் மாட்டோடு கதைப்பார்.

அறுவடைக் காலம். வயலுக்குள் யானை இறங்கிவிட்டதென்று அன்று காலையிலேயே ஆனை வெடி போடத் தொடங்கிவிட்டார்கள். யானையைக் கலைக்க வனஜீவிக்காரர் கொடுக்கிற பெரிய வெடிதான். எங்கள் பக்கம் கோயில் மணி கேட்காத நாள் இருக்கும், ஆனை வெடி கேட்காத நாள் இராது.

கணேசனின் மாடொன்று அந்தச் சத்தத்துக்கு வெருண்டு காட்டோரம் ஓடிவிட்டது. தேடிப் போனார். அங்கே யாரோ ஒரு புண்ணியவான் பன்றிக்குக் கட்டுத்துவக்குக் கட்டி வைத்திருந்தான். தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன் — துவக்கை, அதுதான் துப்பாக்கியை, மரத்தில் கட்டி, தடத்துக்குக் குறுக்கே கம்பியை இழுத்து விடுவார்கள். கம்பியில் கால் தட்டினால் வெடிக்கும். தட்டியது பன்றியின் காலா மனிதனின் காலா என்று துவக்கு விசாரிப்பதில்லை.

அந்தச் சத்தம் ஊர் முழுக்கக் கேட்டது. புஷ்பராணிக்கும் கேட்டது. குசினிக்குள் மீன் வெட்டிக்கொண்டிருந்தாள்.

"அம்மா, இதென்ன சத்தம்?" என்று கேட்டிருக்கிறாள் தயா.

"ஆனை வெடியடி" என்று சொல்லிவிட்டு அடுத்த மீனை எடுத்திருக்கிறாள் தாய்.

பின்னேரம் மாடு தானாக வீட்டுக்கு வந்தது. ஆள் வரவில்லை.

நான் அன்று முல்லைத்தீவுக்குப் போயிருந்தேன். திரும்பி வந்து பஸ்ஸால் இறங்கும்போதே சனம் காட்டுப் பக்கம் ஓடிக்கொண்டிருந்தது. கணேசனுக்குத் தொடையில் வெடி. இரத்தம் எல்லாம் போய் முடிந்திருந்தது. 'சத்தம் கேட்ட உடனே போய்த் தூக்கியிருந்தால் ஆள் தப்பியிருக்கும்' என்று செத்தவீட்டில் ஓர் அறிவாளி புஷ்பராணியின் காதுபடச் சொன்னார். அவரை என்ன செய்ய நினைத்தேன் என்பதை இங்கே எழுதினால் பத்திரிகை ஆசிரியர் வெட்டிவிடுவார்.

அந்த ஒரு வசனம் போதாதா ஒரு பெண்ணைக் கொல்ல?

அடுத்த நாள் பாடை எடுக்கிற நேரம். வழமை போல வெடிக் கட்டோடு இரண்டு பேர் முன்னுக்கு நின்றார்கள். வேண்டாம் என்றேன். "என்னக்கா கதைக்கிறியள்? வெடி இல்லாமல் எடுத்தால் மனுசனுக்கு என்ன மரியாதை?" என்றார்கள். வெடித்தார்கள். பாடைக்குப் பின்னால் கதறிக்கொண்டு வந்த புஷ்பராணி அப்படியே அழுகையை நிறுத்திவிட்டாள். என் கையைப் பிடித்தாள்.

"அக்கா, அண்டைக்குக் கேட்டதும் இதே சத்தம்தானே? இதே சத்தம்தானே அக்கா?"

அவளைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு நடந்தேன்.

எங்கள் தமிழைப் பாருங்கள். கோயில் திருவிழாவுக்கும் வெடி. கலியாண வீட்டுக்கும் வெடி. செத்தவீட்டுக்கும் வெடி. யானைக்கும் வெடி. துவக்கால் சுட்டாலும் 'வெடி விழுந்தது' என்றுதான் சொல்வோம். ஒரே சொல்லுக்குள் மாப்பிள்ளையையும் பிணத்தையும் போட்டு வைத்திருக்கிறோம்!

இத்தனைக்கும் வெடிச் சத்தத்தில் நாங்கள் கரைகண்டவர்கள். சண்டைக் காலத்தில் எங்கள் சின்னப் பிள்ளைகளுக்கும் தெரியும் — இது செல் குத்துற சத்தம், இது விழுற சத்தம், இது தூரத்தில், இது எங்கள் தலைக்கு மேலே என்று. எழுத்துப் படிக்க முதல் அதைப் படித்தார்கள். குத்துற சத்தம், அதாவது அங்கே செல்லை ஏவுகிற சத்தம், கேட்டால் அது வந்து விழ முதல் பங்கருக்குள் பாய வேண்டும். அந்தச் சத்தத்தைச் சரியாகக் கேட்டபடியால்தான் நான் இன்றைக்கு இருந்து இதை எழுதுகிறேன். அப்படி இருந்த சனம், பக்கத்துக் காட்டில் வெடித்த துவக்கை யானைக்குப் போட்ட வெடி என்று நினைத்து மீன் வெட்டியது, முற்றம் கூட்டியது, ரீ குடித்தது.

எனக்கு இந்தச் சினிமாப் படங்களைப் பார்த்தாலும் பற்றிக்கொண்டு வரும். கதாநாயகன் மூடிய அறைக்குள் நின்று ஒரு கூட்டத்தையே சுட்டுத் தள்ளுகிறான். அடுத்த நிமிடம் கதாநாயகியின் காதில் குசுகுசு என்கிறான். அவளுக்கும் கேட்கிறது. எப்படி? அந்தச் சத்தத்துக்குப் பிறகு இரண்டு பேருக்கும் காதுக்குள் 'கீ...' என்றல்லவா கேட்டுக்கொண்டிருக்க வேண்டும்? துவக்கு என்றால் பாய்ந்து வருகிற சன்னம் மட்டும்தான் என்று நினைக்கிறோம். சன்னம் ஒருவனைத்தான் தேடிப் போகும். சத்தம் அங்கே நின்ற எல்லோருடைய காதுக்குள்ளும் போகும், சுட்டவனுடைய காது உட்பட. சன்னம் பட்டவரைத் தூக்கிக்கொண்டு ஓடினோம். காதைப் பற்றி யார் கேட்டார்கள்?

கொழும்பில் இருந்து வருகிறவர்கள் சொல்வார்கள், 'வன்னிச் சனம் சத்தம் போட்டுக் கதைக்கிறது சண்டை பிடிக்கிற மாதிரி இருக்குது' என்று. நாங்களும் சிரித்துக்கொண்டு 'அது எங்கட குணம்' என்போம். குணமாவது மண்ணாவது!

சரி, புஷ்பராணிக்கு வருவோம். செத்தவீடு முடிந்த பிறகும் அவளுக்கு ஒரே கேள்விதான். "எனக்கு ஏன் விளங்கேல்லை?" சோறு போட்டால் அது. குளிக்க வார்த்தால் அது. 'கேட்டுக்கொண்டும் பேசாமல் இருந்தனான் அக்கா, நான்தான் அவரைச் சாக விட்டனான்' என்பாள். தயா அழுதுகொண்டு என்னிடம் வந்தாள். "அன்ரி, அம்மாவுக்குக் காதில ஏதோ பிழை இருக்குது. நான் கூப்பிட்டால் கன நேரம் திரும்பிறேல்லை. ஒருக்காக் கூட்டிக்கொண்டு போங்கோவன்."

கூட்டிக்கொண்டு போனேன். சத்தம் புகாத ஒரு சின்ன அறைக்குள் அவளை இருத்தி, காதில் ஹெட்போனை மாட்டி, கையில் ஒரு பொத்தானைக் கொடுத்தார்கள். சத்தம் கேட்டால் அழுத்த வேண்டும். நான் கண்ணாடிக்கு வெளியே. முதலில் சில தடவை அழுத்தினாள். பிறகு அழுத்தவில்லை. நல்ல பிள்ளை மாதிரி விரலைத் தயாராக வைத்துக்கொண்டு அப்படியே இருந்தாள். கடைசியில் கதவைத் திறந்தார்கள்.

"மற்றச் சத்தம் இனித்தான் போடுவியளோ?" என்று கேட்டாள்.

எல்லாம் போட்டு முடிந்திருந்தது.

டொக்டர் இளம் பொடியன், யாழ்ப்பாணத்துப் பிள்ளை. பதமாகக் கதைத்தார். "அம்மா, உங்களுக்குக் கீச்சுச் சத்தங்கள் கேக்கிறேல்லை. இரண்டு காதும்தான். இது இப்ப வந்ததில்லை. செல், துவக்கு ஏதும் கிட்ட வெடிச்சதோ?"

"எங்க டொக்டர் தூர வெடிச்சது?" என்றாள் அவள்.

அவர் எழுதிக்கொண்டிருந்த பேனையை வைத்தார். பிறகு விளங்கப்படுத்தினார். காதுக்குள்ளே மயிர் போல மெல்லியவை இருக்கின்றனவாம். பெரிய சத்தம் அவற்றைச் சாய்த்துவிடுமாம். மிகக் கிட்ட வெடித்தால் ஒரு தடவையே போதுமாம். போனால் போனதுதான், திரும்ப முளைக்காது.

"காத்துக்குப் படுத்த நெல்லு மாதிரி" என்றாள் புஷ்பராணி. பிறகு திடீரென்று, "அப்ப இந்தக் குருவியள்?" என்றாள்.

டொக்டருக்கு விளங்கவில்லை. எனக்கு விளங்கியது. மீளக் குடியேறிய நாளில் இருந்து அவள் ஒரு கதை சொல்வாள். சண்டையோடு குருவியெல்லாம் போய்விட்டன, கட்டைக் குரல் செண்பகமும் காகமும்தான் மிச்சம், சில்வண்டுகூட இல்லை என்று. ஊரில் எத்தனையோ பேர் அதற்குத் தலையாட்டியிருக்கிறார்கள். குருவிகள் எங்கேயும் போகவில்லை. அவள் முற்றத்து முருங்கையிலேயே இருந்து கத்திக்கொண்டுதான் இருந்திருக்கின்றன.

அதை விட்டுவிட்டு அவள் தன் கேள்விக்கு வந்தாள். "டொக்டர், துவக்கு வெடியும் ஆனை வெடியும் எனக்கு ஒரே மாதிரித்தான் கேக்குமோ?"

"ஓம் அம்மா. அந்தத் தூரத்தில எண்டால் உங்களுக்கு வித்தியாசம் பிடிக்கிறது கஷ்டம்தான்."

அப்போதுதான் கும்பிட்டாள். அப்போதுதான் சிரித்தாள்.

காதில் மெசின் போட்டால் கொஞ்சம் உதவும் என்றார் டொக்டர். அவள் யோசித்தாள். "குருவிச் சத்தம் கேக்கும் என்ன? ஆனால் வெடியும் பெரிசாக் கேக்குமே" என்றாள். வேண்டாம் என்றுவிட்டாள். டொக்டர் என்னையும் பார்த்து, "அக்கா, நீங்களும் அங்கதானே இருந்தனீங்கள், ஒருக்காச் சோதிச்சுப் பாப்பமோ?" என்றார். பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று எழும்பிவிட்டேன். உண்மையில் பஸ்ஸுக்கு நிறைய நேரம் இருந்தது.

பஸ்ஸில் அவள் நிம்மதியாக நித்திரை கொண்டாள். எனக்குத்தான் நெடுங்கேணி தாண்டியும் ஆறவில்லை. தன் காது செத்துப்போயிற்று என்பது ஒரு மனுசிக்கு நல்ல செய்தியாக இருக்குமென்றால், இது என்ன வாழ்க்கை? சண்டைக் காலத்து வெடி ஒன்று காதைக் கொண்டு போனது. அந்தக் காது இல்லாதபடியால் இன்னொரு வெடி புருசனைக் கொண்டு போனது. இரண்டையும் வெடிக்க வைத்தது யாரென்று கேட்டால், இரண்டுக்கும் பதில் இல்லை. சரி, அவளுக்குக் காது இல்லை. மற்றச் சனத்துக்கு? எங்கள் ஊரில் யாருக்கு முழுக் காது மிஞ்சியிருக்கிறது என்று யாரும் பார்த்ததில்லை. பார்க்க எங்களுக்கும் பயம்.

நேற்றுக் காலை இதை எழுதக் குந்தினேன். காட்டுப் பக்கம் ஒரு வெடி. பேனையை வைக்க முன்னரே போன் அடித்தது.

"அக்கா, தயா மாட்டோட போயிருக்கிறாள். இப்ப கேட்டது என்ன வெடி?"

இப்போதெல்லாம் ஒவ்வொரு வெடிக்கும் இப்படித்தான். தன் காதை நம்பாமல் என் காதைக் கேட்கிறாள்.

"ஆனை வெடிதான் புஷ்பம். பயப்பிடாதை" என்றேன்.

"உண்மையாத்தானே?"

"உண்மையாத்தான்."

போனை வைத்துவிட்டு, செருப்பையும் மாட்டாமல் காட்டோரம் ஓடினேன். தயா வரம்பில் நின்று மாட்டை ஏசிக்கொண்டிருந்தாள். "என்ன அன்ரி, இந்தப் பக்கம்?" என்றாள். "சும்மா" என்றேன்.

ஆனை வெடிதான். நேற்றைக்கு.