எல்ஃப்ரீடே சிஞ்ஞோராவின் குரல்

எனக்கு, இந்த றோசமலருக்கு, மண்டை கழன்றுவிட்டது என்று கோயிலுக்கு வரும் சனம் கதைக்கிறது. கதைக்கட்டும். பெற்ற பிள்ளையை வைத்து எவளாவது பொய் சொல்வாளா? இத்தாலியில், பலெர்மோ நகரின் லிபெர்த்தா பகுதியில், 1992ஆம் ஆண்டு என் கண்முன்னே நடந்தது இது.

அங்கே நான் ஒரு வயதான ஜெர்மன்காரியைப் பார்த்துக்கொண்டேன். எல்ஃப்ரீடே சிஞ்ஞோரா; வீட்டு அம்மாவை இங்கே சிஞ்ஞோரா என்றுதான் கூப்பிடுவார்கள். ஒரு காலத்தில் பெர்லினில் பெரிய நடிகை. படங்கள் பேசாத காலம். அவர் கண்ணைத் துடைத்தால் கொட்டகையே அழுமாம். பிறகு பேசும் படம் வந்தது. அவருடைய குரலோ தகரத்தைக் கீறுவதுபோல இருக்கும். கடைசிப் படத்தில் இவர் வாயை மட்டும் அசைக்க, மறைவில் நின்று வேறொருத்தி பேசினாளாம். அதோடு யாரும் கூப்பிடவில்லை. ஒரு சிசிலிக்காரரைக் கட்டிக்கொண்டு இங்கே வந்துவிட்டார்.

என் மகள் ஜூலிக்கு அப்போது ஆறு வயது. அந்த வீட்டிலேயே என்னோடு இருந்தாள். வாய் ஓயாது. சிஞ்ஞோரா அவளுடைய கழுத்தைத் தடவித் தடவி, “இந்தக் குரல் மட்டும் எனக்கு இருந்திருந்தால்...” என்பார். எனக்குப் பெருமையாக இருந்தது. மடைச்சி நான்.

வெளியே போகும்போது நாங்கள் சொல்வோமே, “போட்டு வாறன்”, போய்விட்டு வருகிறேன் என்று, அது ஒன்றுதான் அவருக்குத் தெரிந்த தமிழ். நான்தான் சொல்லிக்கொடுத்தேன். உயிர் போகும் நேரத்தில் என் கையைப் பிடித்து அதைத்தான் சொன்னார். செத்த வீட்டில் எங்கள் சனம் அந்தச் சொல்லை வாயில் எடுக்காது. ஆனால் பழக்கதோசம்... “ஓம், போட்டு வாங்கோ” என்று சொல்லிவிட்டேன்.

வாங்கோ என்று நானே கூப்பிட்டேன்.

அடக்கம் முடிந்த மறுநாள். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு ஊரே படுத்திருக்கும் நேரம். வெயிலுக்கு யன்னல்களைச் சாத்தியிருந்தேன். குசினியில் கோப்பை கழுவும்போது, சிஞ்ஞோராவின் அறையில் கட்டில் கிறீச்சிட்டது.

“ஜூலி, அங்கை என்ன செய்யிறாய்?”

“சிஞ்ஞோரா வந்திருக்கிறா, அம்மா.”

“விசர்க்கதை கதையாதை. வெளியிலை வா.”

“விடுறா இல்லை... கழுத்தைத் தடவுறா...”

டக்.

கதவு பூட்டிக்கொண்டது.

ஓடினேன். இழுத்தேன். உதைத்தேன். மாதாவே, என்ரை பிள்ளை, என்ரை பிள்ளை என்று கத்தினேன்.

“அம்மா! அம்மா! அம்...”

பாதியில் நின்றது.

கதவு தானாகத் திறந்தது. ஜூலி கண்ணாடிக்கு முன்னால் நின்றாள். வாய் அசைந்தது.

சத்தம் இல்லை...

எத்தனையோ டொக்டர்மாரிடம் காட்டினேன். தொண்டையில் ஒரு குறையும் இல்லையாம்.

சில மாதங்களில் சிஞ்ஞோராவின் தம்பி மகன் வீட்டை ஒதுக்க பெர்லினிலிருந்து வந்தார். கையோடு அந்தக் கடைசிப் படத்தின் கசெற்றும் கொண்டுவந்தார். ரிவியில் போட்டுக் காட்டினார். சிஞ்ஞோராவின் இளம் முகம் தெரிந்தது. வாயைத் திறந்தார்.

“அம்மா! அம்மா!”

ஜூலியின் குரல்.

அந்த மனிதரின் கையிலிருந்த கிளாஸ் விழுந்து உடைந்தது. “இந்தப் படத்துக்கு ஒலியே இல்லை,” என்றார். “ஒலிச்சுருள் போரில் எரிந்துபோனது. மிஞ்சியது வெறும் படம்தான்.”

கெஞ்சி அந்தக் கசெற்றை வாங்கிக்கொண்டேன். ஜூலிக்கு இப்போது பன்னிரண்டு வயது. இன்னும் பேசவில்லை. என்னை அம்மா என்று அவள் கூப்பிடுவதைக் கேட்க எனக்கு வேறு வழியில்லை. அதனால் அடிக்கடி போடுவேன். போன கிழமையும் போட்டேன்.

அது இப்போது குழந்தைக் குரல் இல்லை. அதற்கும் பன்னிரண்டு வயதாகிவிட்டது.