தலைமாட்டில் விட்ட இடம்

இந்தக் குளிர்நாட்டு நகரமான பெர்கனில் என் எடிட்டிங் அறைக்கும் இயக்குநர் இங்கிரிட்டின் அறைக்கும் நடுவே ஒரு மரச்சுவர்தான். அவர் இருமினால் எனக்குக் கேட்கும். ஆனாலும் ஒரு காட்சியை வெட்டச் சொல்ல மின்னஞ்சல்தான் வரும். ஐந்து வருடமாகியும் எனக்கு இது பழகவில்லை. பாறசாலையில் நான் வேலை பழகிய ஸ்டுடியோவில், கல்யாண வீடியோவை வெட்டும்போது குடும்பமே என் முதுகுக்குப் பின்னால் பெஞ்சில் உட்கார்ந்திருக்கும். "எலே, எங்க மாமன் சோறு தின்னுத எடம் எங்க?" என்று கேட்டால் மாமன் உடனே திரைக்கு வந்தாக வேண்டும். அந்த இரைச்சலுக்காக இங்கே உட்கார்ந்து ஏங்குகிறேன்.

கல்யாணம், சர்ச்சில் நடக்கும் பள்ளித் திருநாள், தேர்தல் பிரச்சாரம் என்று எதையும் விட்டதில்லை நான். பிறகு திருவனந்தபுரத்தில் விளம்பரங்கள், ஆவணப்படங்கள். இரண்டு படங்களுக்கு நானே தயாரிப்பாளர். அதாவது டீ வாங்கப் போகிறவனும் நானே. ஆனால் ஊரில் எனக்குப் பேர் வாங்கித் தந்தது சாவு வீட்டுப் படம். எங்கள் பக்கம் சவப்பெட்டியை மூடுமுன் குடும்பம் சுற்றி நின்று படம் எடுத்துக்கொள்ளும். கல்ஃபிலிருந்து வரமுடியாத மகனுக்கு ஓர் ஆள் இடம் விடுவார்கள். அவன் அனுப்பும் படத்தை வெட்டி நான் அங்கே நிறுத்துவேன். நெய்யாற்றின்கரையிலிருந்து வெள்ளறடை வரை எத்தனையோ வீட்டுச் சுவர்களில் நான் நிறுத்திய மகன்கள் நிற்கிறார்கள். பாட்டுக் கேட்டுக்கொண்டே செய்த வேலை அது.

சென்ற மாதம் அப்பா இறந்தார். தங்கும் அனுமதியைப் புதுப்பிக்கக் கொடுத்திருந்த நேரம்; போனால் திரும்பி வரமுடியாது. நான் போகவில்லை. மூன்றாம் நாள் அம்மா போனில் கூப்பிட்டாள்.

"படம் அனுப்பியிருக்கு மக்கா. அப்பனுக்க தலமாட்டுல ஒனக்க எடம் விட்டாக்கும் எல்லாரும் நின்னோம்."

"பாக்கேன் அம்மா."

"நாப்பத்தொண்ணாம் நாளுக்கு முன்ன சுவருல மாட்டணும். ஊருல எத்தற பேருக்க மக்கள நிறுத்திக் குடுத்த. ஒன்ன நிறுத்த ஒனக்கு அறியாதா?"

அறியும். ஆனால் இரண்டு வாரம் அந்தப் படத்தைத் திறக்கவே முடியவில்லை. திறந்த அன்று பார்த்து இங்கிரிட் கதவைத் தட்டினார். உள்ளே வந்து படத்தின் காலி இடத்தைக் காட்டினார்.

"இங்கே நின்றவரை நீக்கிவிட்டாயா?"

"இல்லை. சேர்க்கப் போகிறேன். என்னை."

"ஆனால் நீ அங்கே இல்லையே."

அவர் கேட்டதில் தப்பொன்றும் இல்லை. எங்கள் வழக்கத்தைச் சொன்னேன். அவர் போகாமல் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"உன் அம்மாவின் கை ஏன் அப்படி இருக்கிறது?"

அப்போதுதான் கவனித்தேன். காலி இடத்தின் பக்கமாக அம்மா வலது கையை மடக்கி, விரல்களைக் கொஞ்சம் மூடி, அந்தரத்தில் வைத்திருந்தாள். என் கையைப் பிடித்திருந்தாள். அழுகை வந்தது, மறைக்கவில்லை.

இங்கே வந்தபின் எடுத்த படங்களை எல்லாம் தேடினேன். எல்லாவற்றிலும் கோட்டுப் பைக்குள் கையைவிட்டு நிற்கிறேன். அம்மா பிடிக்க ஒன்றுகூட உதவாது. கோட்டைக் கழற்றிவிட்டு அறையின் வெள்ளைச் சுவர் முன்னால் போய்க் கையை நீட்டி நின்றேன். இங்கிரிட் திரையை ஒருமுறை பார்த்துவிட்டுக் கேமராவை எடுத்தார்.

"கையை இன்னும் கொஞ்சம் தாழ்த்து. உன் அம்மாவுக்கு எட்ட வேண்டும்."

தாழ்த்தினேன்.