பாதிச் சவரத்தில் வந்த செய்தி

என் அக்கா வீட்டுக்காரர் முடிதிருத்துபவர். கத்திரியும் வாயும் ஒன்றாகத்தான் ஓடும். நகைச்சுவை நடிகர் ‘ஒட்டடைக்குச்சி’ என்றால் அவருக்கு உயிர். அந்த மனிதர் பேசிய வசனம் ஒன்றுவிடாமல் மனப்பாடம். முடி வெட்ட உட்காருகிறவர்கள் எல்லாரும் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு போவார்கள்.

ஒருவரைத் தவிர. அவர் பதிவு அலுவலகத்தில் அதிகாரி. தலையில் பேருக்குக்கூட ஒரு முடி கிடையாது, சவரத்துக்கு மட்டும் வருவார். பதினோரு வருஷமாக அத்தான் என்னென்னவோ சொல்லிப் பார்த்தும் அந்த உதடு அசைந்ததில்லை.

“அந்தக் கல்லுளிமங்கனை ஒரு தடவையாவது சிரிக்க வைக்காம நான் சாக மாட்டேன் மாப்ளே” என்பார் என்னிடம்.

அன்று காலை அதிகாரிக்கு ஒரு கன்னம் முடிந்து, மறு கன்னத்தில் நுரை. ரேடியோவில் செய்தி சொன்னார்கள்: ஒட்டடைக்குச்சி காலமானார். அத்தான் பெஞ்சில் என் பக்கத்தில் பொத்தென்று உட்கார்ந்து, வெட்கமில்லாமல் விம்மி விம்மி அழுதார்.

“இனிமே இந்தக் கடையில சிரிப்பே கிடையாது. நான் வெறும் முடி வெட்டுறவன்தான்.”

சிரிப்பு போய்விட்டால் இந்த மனிதரிடம் மிச்சம் என்ன இருக்கும்?

அதிகாரி நுரையோடு திரும்பினார். செருமிக்கொண்டார். “ரயில் போயிடுச்சு, அடுத்த வண்டி நாளைக்குத்தான்னாங்க, நல்லவேளை சீக்கிரமா வந்துட்டேன்னான்” என்று கோப்பு படிப்பது போல ஒரே மூச்சில் ஒப்பித்தார். ஒட்டடைக்குச்சியின் வசனம்!

அத்தான் துள்ளி எழுந்தார். “ஐயையோ, கொலை பண்ணிட்டீங்களே சார்! ‘நாளைக்குத்தான்’னதும் நிறுத்தணும். பெட்டி மேல உட்காரணும். முகத்தைத் துடைக்கணும்.” என் மடியையே பெட்டியாக்கி உட்கார்ந்தார். தோளில் கிடந்த துண்டால் அழுத முகத்தைத் துடைத்தார். கூரையைப் பார்த்தார். “நல்லவேளை... சீக்கிரமா வந்துட்டேன்!”

அதிகாரி சிரித்தார். நாற்காலி கிறீச்சிட, நுரை கண்ணாடியில் தெறிக்க, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

“பதினோரு வருஷமா இதை எங்க சார் ஒளிச்சு வெச்சிருந்தீங்க?”

“வீட்டுக்குப் போய் என் சம்சாரத்துக்கிட்ட சொல்லிச் சொல்லிச் சிரிப்பேன்யா. இங்க எப்படிச் சிரிக்கிறது? நீ சொல்ற நேரமெல்லாம் கத்தி என் குரல்வளையில இல்ல இருக்கு!”

அத்தான் முகத்தில் அசடு வழிந்தது. பிறகு மீதிக் கன்னத்துக்கு வந்தார். நடுநடுவே அழவும் செய்தார். அந்த ஒரு கன்னத்தை மழிக்க ஒரு மணி நேரமானது. வசனத்துக்கு வசனம் கத்தியைக் கீழே வைத்தார்.