ட்வெய்ட்டா அக்காவின் குரல்

தன் தாய்மொழியான கத்தலானில்தான் படம் எடுப்பேன் என்று வாழ்நாளெல்லாம் மல்லுக்கு நின்ற ஒரு பெண்ணோடு சேர்ந்து ஒஸ்லோவில் ஒரு திரைக்கதை எழுதினேன். இன்றைக்கும் அதை நினைத்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

அவர் ஸ்பெயினில், கத்தலான் பேசும் பார்சலோனாவில் தயாரிப்பாளராகவும் திரைக்கதை ஆசிரியராகவும் பெயர் எடுத்தவர். நோர்வேக்காரர் ஒருவரைக் கட்டிக்கொண்டு இங்கே வந்தார். அவருடைய முதல் படத்தைத் தொலைக்காட்சியில் போட்டபோது, நடிகர்களின் கத்தலானை எடுத்துவிட்டு ஸ்பானியக் குரல்களை ஏற்றிவிட்டார்களாம். எல்லோருக்கும் ஸ்பானியம் புரியும்தானே என்றார்களாம். அதன் பிறகுதான் யாரையும் நம்பாமல் தானே நிறுவனம் தொடங்கி, தானே எழுதித் தானே தயாரித்தார். இந்தக் கதையைச் சொல்லும்போதெல்லாம் அவர் மேசையைத் தட்டுவார். கேட்கிற எனக்கும் சேர்ந்து கோபம் வரும்.

எங்கள் படம், ஒஸ்லோவின் ஓரத்தில் உள்ள ட்வெய்ட்டாவில் அடுக்குமாடி வீடொன்றில் தனியாக இருக்கும் யாழ்ப்பாணத்துத் தாயைப் பற்றியது. முதியோர் இல்லத்தில் வேலை செய்யும் ஓர் அக்காதான் தாயாக நடித்தார். கமராவை வைத்ததுதான் தாமதம், அவர் சென்னைத் தமிழில் பேசத் தொடங்கிவிட்டார். எங்கள் ஆட்களின் வியாதி இது. வீட்டில் ஓம் என்போம், சினிமா என்றதும் ஆமாங்க என்போம். தமிழில் ஒரு சொல்லும் தெரியாத தயாரிப்பாளர் காதாலேயே அதைப் பிடித்துவிட்டார். இது இவருடைய பேச்சு இல்லை, மகளோடு போனில் கதைப்பதுபோலக் கதைக்கச் சொல் என்றார். அக்கா கதைத்தார். அச்சு அசல் யாழ்ப்பாணப் பேச்சு. அன்று தயாரிப்பாளரைக் கையெடுத்துக் கும்பிடாத குறைதான்.

படம் முடிந்ததும் தயாரிப்பாளர் எனக்கும் அக்காவுக்கும் போட்டுக் காட்டினார். திரையில் அக்காவின் வாய் அசைந்தது. வந்த குரல் யாரோ ஒரு சென்னைப் பெண்ணுடையது. இந்தியாவில் விற்க இதுதான் வழி என்று விநியோகஸ்தர் சொன்னாராம், இவரும் தலையாட்டினாராம். எங்களிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டால், எல்லாம் தமிழ்தானே என்கிறார். யார் சொல்கிற பேச்சு, பாருங்கள். வெட்கமாக இல்லையா என்று கேட்க வாய் வரை வந்தது.

அக்கா திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே என்னிடம் சொன்னார்: "அப்ப என்ரை முகத்தையும் மாத்திவிடச் சொல்லுங்கோ."

என்ன சொல்கிறார் என்று தயாரிப்பாளர் கேட்டார். எங்கள் ஆட்களின் கோபத்தை நோர்வே மொழியில் சொல்லும்போது கொஞ்சம் தண்ணீர் கலந்துதான் சொல்வேன். இந்த முறை அப்படியே சொன்னேன். அவருடைய முகம் கறுத்துப்போனது. விநியோகஸ்தரோடு ஒப்பந்தம் கையெழுத்தாகிவிட்டது, இனி ஒன்றும் செய்ய முடியாது என்றார்.

படம் அந்தக் குரலோடுதான் வெளிவந்தது. ஒஸ்லோவிலும் அதையேதான் போட்டார்கள். என் பெயரை எடுத்துவிடச் சொன்னேன், மறுபேச்சில்லாமல் எடுத்துவிட்டார்கள். அக்கா எதை எடுக்கச் சொல்வார்? படம் முழுக்க அவருடைய முகம்.